இத்தாலிய அவாங்-கார்ட் (மரபை மீறிய சோதனை) நாடகத்தைக் கேமராவில் பிடிப்பது: பதிவா, வேறொரு படைப்பா?

மேடைநிழல்:

'த்ராஜேதியா எந்தோகோனீதியா' டிவிடித் தொகுப்பைப் பற்றி இங்கே யாரும் விரிவாகப் பேசியதாகத் தெரியவில்லை. சோச்சியெத்தாஸ் ராஃபயெல்லோ சான்சியோ என்ற இத்தாலிய நாடகக் குழு 2002இல் செசேனாவில் தொடங்கி அவிஞ்ஞோன், பெர்லின், புருசெல்ஸ், பெர்கன், பாரிஸ், ரோம், ஸ்ட்ராஸ்பூர், லண்டன், மார்செய் என்று சுற்றி, 2004இல் மறுபடி செசேனாவுக்கே வந்து முடித்த நாடகத் தொடரின் பதினோரு அத்தியாயங்கள். ஒவ்வோர் ஊருக்கும் புதிதாக ஒன்று. ரொமேயோ காஸ்டெல்லூச்சி இயக்கியவற்றை வீடியோவாக்கியவர்கள் கிறிஸ்தியானோ கார்லோனியும் ஸ்தெஃபானோ ஃபிரான்செஸ்கெத்தியும். இசை ஸ்காட் கிப்பன்ஸ். 2007இல் ராரோவீடியோ வெளியிட்டது.

அவர்கள் வைத்த பெயரே 'வீடியோ நினைவு'. நேரில் பார்க்காத ஒருவருக்கு மேடை எவ்வளவு அகலம், யார் எந்தப் பக்கமிருந்து வந்தார்கள் என்பது பல இடங்களில் பிடிபடாது. இதை ஆவணம் என்று சொல்லலாமா? இப்படிப்பட்ட நாடகத்தை இன்று எடுக்க வேண்டி வந்தால் எப்படி எடுப்பது? எழுபதுகளின் டேப்புகளில் மிஞ்சியதை எப்படி மீட்பது? மூன்றையும் இதே இழையில் வைத்துக்கொள்வோம்.

நடுவரிசை:

வேறு நாடகங்களில் வீடியோ கெட்டுப்போனாலும் எழுதிய நாடகப் பிரதி மிஞ்சும். இந்த இத்தாலிய அவாங்-கார்ட் ஆட்கள் விஷயத்தில் அது நடக்காது. 1966 நவம்பரில் 'சிப்பாரியோ' நாடக இதழில் வந்த அறிக்கை, 1967 ஜூனில் இவ்ரேயாவில் கூடிய மாநாடு இரண்டும் வைத்த கோரிக்கையின் சாரம், எழுதப்பட்ட வசனம் நாடகத்துக்கு எஜமான் ஆகக் கூடாது என்பது. விமர்சகர் ஜுசெப்பே பார்த்தொலூச்சி இதை 'மேடை எழுத்து' என்றார். வெளிச்சம், குரல், உடல், சாமான் எல்லாம் சேர்ந்ததுதான் பிரதி. ஆகவே படமெடுக்காமல் விட்டால், அல்லது தப்பாக எடுத்தால், நாடகமே போய்விட்டது.

இதை நடிகரும் இயக்குநருமான கார்மெலோ பெனே எப்படிச் சமாளித்தார் என்று பாருங்கள். மேடையைப் பதிவுசெய்ய அவர் மெனக்கெடவே இல்லை. ஒவ்வொரு ஊடகத்துக்கும் மறுபடி முதலிலிருந்து செய்தார். 'துருக்கியரின் அன்னை' 1966இல் நாவல், அதே ஆண்டு நாடகம், 1968இல் படம். மேடையில் பார்வையாளருக்கும் நடிகருக்கும் நடுவே கண்ணாடிச் சுவர். ஜன்னலைத் திறந்தால்தான் பேச்சு கேட்கும். படத்தில் அந்த ஏற்பாட்டைக் காப்பியடிக்காமல், அதே தொந்தரவை எடிட்டிங்கில் கொண்டுவந்தார். 1972இன் 'சலோமே'யில் நாலாயிரத்துக்கும் மேல் வெட்டுகள். செட்டிலும் உடையிலும் ஸ்காட்ச்லைட் தாள். அது விழுகிற வெளிச்சத்தை வந்த திசைக்கே திருப்பி அனுப்பும். லென்ஸுக்குப் பக்கத்திலேயே ஒரு விளக்கு இருந்தால் கேமராவுக்கு எரிகிற மாதிரி தெரியும், இரண்டடி தள்ளி நிற்கிற ஆளுக்கு வெறும் சாம்பல் நிறம். மேடையில் இதைச் செய்யவே முடியாது.

இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியான ராய்க்கு அவர் செய்த 'ஹாம்லெட்' (1978இல் ஒளிபரப்பு) கறுப்பு வெள்ளை. ஸ்டுடியோவின் ஆழத்தையே கழித்துவிட்டு முகங்களை மட்டும் வைத்தார். 'ஒத்தெல்லோ'வை 1979இல் துரின் ஸ்டுடியோவில் எடுத்து வைத்தது. எடிட் முடியும்போது 2002 ஆகிவிட்டது, அந்த மார்ச்சில் பெனே இறந்தார். இவை எதுவும் மேடைப் பதிவு கிடையாது. பெனேயின் மேடை எப்படி இருந்தது என்று கேட்டால் இவற்றைக் காட்டக் கூடாது. பெனே எப்படி யோசித்தார் என்று கேட்டால் இவற்றைவிட நல்ல சாட்சி இல்லை.

கார்லோனி–ஃபிரான்செஸ்கெத்தி இந்த வரிசையில் வருகிறவர்கள் என்பது என் கணிப்பு. ஆவணமாகவும் எடுத்துக்கொள்ளலாம், எதற்கு ஆவணம் என்பது தெளிவாக இருந்தால்.

இரும்புத்திரை:

நடுவரிசை சார், கடைசி வரி வழவழா. ஒரு உதாரணம் சொல்கிறேன், பிறகு பேசுவோம்.

புருசெல்ஸ் அத்தியாயம், அதாவது நான்காவது. பளிங்குச் சுவர் வைத்த வெள்ளை அறை. துடைப்பவர் தரையைத் துடைக்கிறார். தனியாக ஒரு கைக்குழந்தை. பிறகு போலீஸ் உடையில் வருகிறவர் ஒரு பாட்டிலைத் திறந்து செயற்கை ரத்தத்தைத் தரையில் ஊற்றுகிறார். நம் கண்முன்னால், நிதானமாக. அதற்குப் பிறகுதான் உடைகளைக் களைந்தவரை அந்த ரத்தத்தின் மேல் போட்டுத் தடியால் அடிக்கிறார்கள். இது நடிப்பு, இது சாயம் என்று முதலிலேயே காட்டிவிட்டும், அடி விழும்போது வயிறு கலங்குகிறது. நாடகமே அந்த வரிசையில்தான் இருக்கிறது. எடிட்டர் பாட்டிலை மூன்று விநாடிக்குக் குறைத்து அடியை க்ளோஸ் அப்பில் வைத்தால் கிடைப்பது சாதாரண வன்முறைக் காட்சி. பாட்டில் எவ்வளவு நேரம், அதற்குப் பிறகு எவ்வளவு மௌனம், அடி எவ்வளவு நேரம் என்ற மூன்று அளவும் முழு மேடையும் தெரிகிற, வெட்டாத வைட் ஷாட்டில் மட்டும்தான் கிடைக்கும்.

'வீடியோ நினைவு' அழகு, மறுக்கவில்லை. ஆனால் பின்னால் ஒரு முழுநீள வைட் இருந்தால்தான் அந்தச் சுதந்திரத்துக்கு நியாயம். 1982இல் நேப்பிள்ஸில் ஃபால்ஸோ மொவிமென்தோ குழு செய்த 'தாங்கோ கிளாச்சாலே'யை 2018இல் புது நடிகர்களை வைத்து மறுபடி மேடையேற்றினார்கள். அப்படி ஒரு வேலைக்கு உட்காருகிறவருக்கு க்ளோஸ் அப்பால் பத்து பைசா பிரயோஜனம் இல்லை. யார் எத்தனையாவது விநாடியில் எந்தப் பலகைக்குப் பின்னால் இருந்தார் என்பதுதான் வேண்டும்.

ரீல்கட்டு:

இரண்டு பேரும் சொல்வதை ஒரே படப்பிடிப்பில் முடிக்கலாம். மூன்று கேமரா, இரண்டு காட்சி நாள், ஒரு ஒத்திகை.

ஏ கேமரா: ஹாலின் நடுக்கோட்டில் லாக் செய்த ட்ரைபாட். மேடையின் இரண்டு ஓரமும், விளக்குக் கம்பியின் அடிப்பகுதியும், மேடை விளிம்பும் ஃபிரேமுக்குள் இருக்க வேண்டும். சூப்பர் 35 சென்சாரில் 35 மி.மீ. லென்ஸ் 15 மீட்டர் தூரத்திலிருந்து சுமார் 10.5 மீட்டர் அகலம் பிடிக்கும். 10 மீட்டர் மேடைக்கு அது சரி. பார்வையாளர் தலைக்கு மேல் போகிற உயரம் போதும். பால்கனியில் ஏற்றினால் தரை அதிகமாகத் தெரிந்து, ஆட்களின் உயர விகிதம் கெடும். ஆரம்பம் முதல் கடைசி வரை இதை யாரும் தொடக் கூடாது.

பி, சி இரண்டும் நடமாடலாம். பி கேமரா மேடையின் ஒரே பக்கத்தில் இருந்தால் நல்லது. இரண்டாம் நாள் சி கேமராவைப் பார்வையாளர் இல்லாத ஒத்திகையில் மேடைக்குள்ளேயே கொண்டுபோகலாம். நெருங்கி எடுக்க வேண்டியவை அங்கேதான் கிடைக்கும்.

எக்ஸ்போஷரை ஆட்டோவில் விடவே கூடாது. காஸ்டெல்லூச்சி மேடையில் இருட்டும் கண் கூசும் வெள்ளையும் அடுத்தடுத்து வரும். பளிங்கு அறை மாதிரி இடத்தில் ஆட்டோ ஐரிஸ் சுவரைப் பார்த்து மூடிக்கொள்ளும், முகங்கள் கரிக்கட்டையாகும். சுவர் வேவ்ஃபார்மில் (வெளிச்ச அளவைக் காட்டும் வரைபடம்) 80–85 சதவீதத்துக்கு வருமாறு பூட்டிவிட்டால் முகம் 55–60இல் உட்காரும். இருட்டுக் காட்சியில் இருட்டு இருட்டாகவே இருக்கட்டும். கெயினை ஏற்றினால் கறுப்பு நொதிக்கிறது, பிறகு கம்ப்ரஷன் அதைக் கட்டம் கட்டமாக உடைக்கிறது. ஒயிட் பேலன்ஸ் 3200இல் நிரந்தரம். நீலமாக வரும் காட்சி நீலமாகத்தான் வர வேண்டும்.

இன்னொன்று திரைத்துணி. இந்தக் குழுவின் பல நாடகங்களில் மேடை முகப்பில் மெல்லிய வலைத்துணி தொங்கும். ஆட்டோஃபோக்கஸ் அதைப் பிடித்துக்கொண்டு பின்னால் இருக்கிறவர்களை மங்கலாக்கும். மேனுவலில், விளக்கு ஏற்றிய ஒத்திகையில் ஆள் நிற்கும் இடத்துக்கு ஃபோக்கஸ் வைத்து லென்ஸில் டேப் ஒட்டி அடையாளம் செய்துகொள்ளுங்கள். சென்சாரின் கட்டமும் துணியின் கண்ணும் மோதினால் மொவாரே வரும், அலை அலையாக. கேமராவை அரை மீட்டர் முன்னே பின்னே நகர்த்தினாலே பெரும்பாலும் போய்விடும். மாற்றாக அபர்ச்சரைத் திறந்து துணியை ஃபோக்கஸுக்கு வெளியே தள்ளுங்கள்.

பனைஓலை:

ட்யூப்லைட் மேடையில் பட்டை பட்டையாக ஓடுகிறதே, அதற்கு என்ன ஷட்டர்?

ரீல்கட்டு:

இத்தாலியிலும் நம் ஊரிலும் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், ஆகவே அதே கணக்கு இங்கேயும் செல்லும். பழைய சோக் போட்ட ட்யூப்லைட் விநாடிக்கு 100 தடவை மினுக்கும். 25 ஃபிரேம், 1/50 ஷட்டர் வைத்தால் ஒவ்வொரு ஃபிரேமுக்கும் சரியாக இரண்டு மினுக்கு விழும், படம் அசையாது. 24 ஃபிரேமில் எடுத்தே ஆக வேண்டும் என்றால் ஷட்டர் கோணம் 172.8 டிகிரி, அதுவும் 1/50தான். அமெரிக்க மார்க்கெட் கேமராவை 30 ஃபிரேம், 1/60இல் விட்டால் கந்தல். பின்னால் எந்த மென்பொருளாலும் முழுசாகச் சரிசெய்ய முடியாது. எல்இடி என்றால் டிம்மரைக் குறைத்த நிலையில் வைத்துத்தான் சோதிக்கணும். முழு வெளிச்சத்தில் ஒழுங்காக இருக்கும் விளக்கு பத்து சதவீதத்தில் மினுக்கும்.

ஆம்பியன்ஸ்:

படத்தைப் பற்றியே பேசுகிறீர்கள். இந்த நாடகங்களில் பாதி ஒலிதான்.

1981 ஜூலை 31 அன்று பெனே பொலோஞ்ஞாவின் அசினெல்லி கோபுரத்திலிருந்து தாந்தேயை வாசித்தார், ரயில் நிலையக் குண்டுவெடிப்பின் முதலாண்டு நினைவுக்காக. கீழே நகரம் ஒலிபெருக்கிகள் வழியாகக் கேட்டது. அங்கே நாடகம் எது? வாயருகில் இருந்த மைக்கா, தெருவில் கட்டடங்களில் பட்டு எதிரொலித்த குரலா? இரண்டும். இரண்டும் தனித்தனி ட்ராக்காக வேண்டும். எந்த நாடகத்துக்கும் இதே விதி.

மிக்சரிலிருந்து ஸ்டீரியோ அவுட் வாங்குங்கள், முடிந்தால் ஒவ்வொரு மைக்கும் தனியாக. மிக்சர் அவுட் லைன் லெவல், அதாவது மைக் சிக்னலைவிடப் பல மடங்கு வலுவானது. கேமராவில் மைக் இன்புட்டில் செருகினால் முதல் சத்தத்திலேயே உடையும். இன்புட்டை லைனுக்கு மாற்றி, மைக்குக்கு மின்சாரம் தரும் 48 வோல்ட் ஃபாண்டம் அணைந்திருக்கிறதா என்று பார்த்த பிறகே ஒயரைச் செருகணும். லெவல் ஒத்திகையின் உச்சத்துக்கு −12 டெசிபலில். கிப்பன்ஸ் மாதிரி ஆட்களின் ஒலியில் அமைதிக்குப் பிறகு திடீரென்று அடிவயிற்றில் இறங்கும் தாழ்ந்த ஒலி வரும், அதற்கு இடம் வேண்டும். லிமிட்டர் ஆட்டோ கெயின் இரண்டையும் அணையுங்கள். இல்லாவிட்டால் அமைதி நேரத்தில் ஹாலின் ஏசி இரைச்சல் மெல்ல மேலே ஏறி வந்து உட்காரும்.

ஹாலில் ஒரு ஜோடி மைக்: 17 செ.மீ. இடைவெளி, 110 டிகிரி விரிவு, நடுவரிசைக்கு மேலே. மைக் மேடையிலிருந்து 20 மீட்டர் தள்ளி இருந்தால் ஒலி வந்து சேர சுமார் 58 மில்லிசெகண்ட், அதாவது ஒன்றரை ஃபிரேம். மிக்சர் ட்ராக்கை அப்படியே சேர்த்தால் ஒவ்வொரு அடியும் இரண்டு தடவை கேட்கும். எடிட்டில் மிக்சர் ட்ராக்கைப் பின்னுக்குத் தள்ளணும். ஆனால் ஆவணக் காப்பில் தள்ளாமல் மூலமாகவே வைத்து, எவ்வளவு என்பதைக் குறிப்பில் எழுதுங்கள்.

மேடைநிழல்:

இயக்குநர் லூக்கா ரொன்கோனியை விட்டுவிட்டோமே. ஒரே நேரத்தில் நான்கு இடத்தில் நாடகம் நடந்தால் எந்த வைட் ஷாட்?

நடுவரிசை:

நல்ல இடத்தில் கை வைத்தீர்கள். இரும்புத்திரையின் வாதம் அங்கேதான் தடுமாறும். 1969 ஜூலையில் ஸ்பொலெத்தோவின் சான் நிக்கொலோ தேவாலயத்தில் 'ஒர்லாந்தோ ஃபுரியோசோ'. அரியோஸ்தோவின் காவியத்தை எதுவார்தோ சாங்குயினேத்தி மேடைக்கு எழுதிக்கொடுத்தது. நாற்காலி கிடையாது, ஜனங்கள் நிற்கிறார்கள், சக்கரம் வைத்த மேடைகளைக் கூட்டத்துக்குள் தள்ளிக்கொண்டு வருகிறார்கள், பல காட்சிகள் ஒரே நேரத்தில். எதைப் பார்ப்பது, எதை விடுவது என்பது பார்வையாளர் பாடு. 1975இல் ராய்க்காக ரொன்கோனியே ஐந்து பகுதியாகச் செய்தார், காப்ரரோலாவின் ஃபார்னேசே மாளிகையில். காட்சிகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. இத்தாலியில் முறையான வண்ண ஒளிபரப்பு 1977இல்தான் தொடங்கியது, ஆகவே வீடுகளில் கறுப்பு வெள்ளையில் பார்த்தார்கள். அழகான தொடர். ஸ்பொலெத்தோவில் நடந்தது அதில் இல்லை. 1990இல் துரினின் லிங்கோத்தோ தொழிற்சாலையில் கார்ல் கிராவுஸின் நாடகத்தை வைத்துப் ஒரே நேரத்தில் பல காட்சிகள் என்பதையே பெரிய அளவில் மறுபடியும் செய்தார்.

ரீல்கட்டு:

அதற்கு எடிட் செய்யாமல் இருப்பதுதான் வழி. நடிப்பு நடக்கும் ஒவ்வோர் இடத்துக்கும் ஒரு லாக் கேமரா, எல்லாம் ஒரே டைம்கோடு (ஒவ்வொரு ஃபிரேமுக்கும் நேர முத்திரை). காட்டும்போது நான்கு திரையில் ஒரே சமயத்தில் ஓடட்டும், பார்க்கிறவர் நடந்து தேர்ந்துகொள்ளட்டும். கூடவே கூரையிலிருந்து நேர்கீழே பார்க்கும் ஒரு அகல லென்ஸ். கூட்டம் எங்கே திரண்டது, எங்கே கலைந்தது என்பது அதில் மட்டும் தெரியும், அதுவும் நாடகத்தின் பகுதிதான்.

தவறு நடக்கிற இடங்கள்: கேமராக்களின் உள்கடிகாரம் தனித்தனியாக நழுவும், இரண்டு மணி நேரத்தில் உதடும் ஒலியும் பிரிகிற அளவுக்கு. டைம்கோடு பெட்டியை ஒவ்வொரு கேமராவிலும் மாட்டியே விடுங்கள், ஆரம்பத்தில் ஒருதரம் சிங்க் செய்து கழற்றிவிடுவது போதாது. தொடக்கத்திலும் முடிவிலும் எல்லாக் கேமராவுக்கும் கேட்கிற மாதிரி ஒரு கைத்தட்டல். சில கேமராக்கள் 4 ஜிபிக்கு ஒரு ஃபைலாக உடைக்கும். உடைகிற இடத்தில் ஃபிரேம் விழுகிறதா என்று முன்பே ஒரு மணி நேரம் சும்மா ஓட்டிப் பாருங்கள்.

இந்த வசதி அன்றைக்கு யாருக்கும் இல்லை என்பதையும் நினைவில் வைக்கணும். 16 மி.மீ.யில் 400 அடிச் சுருள் 25 ஃபிரேமில் 10 நிமிடம் 40 விநாடி. கைக்கடக்கமான கேமராவின் 100 அடி இரண்டே முக்கால் நிமிடத்துக்கும் குறைவு. அறுபதுகளின் பதிவுகள் துண்டு துண்டாக இருப்பதற்கு ரசனையைவிட இதுதான் காரணம்.

இரும்புத்திரை:

ரொன்கோனி விஷயத்தில் ஒத்துக்கொள்கிறேன். மற்றதில் இல்லை.

பனைஓலை:

மேடையிலேயே வீடியோ இருந்தால்? வீடியோ கலைக் குழு ஸ்தூதியோ அத்சூர்ரோ மாதிரி.

ரீல்கட்டு:

இயக்குநர் ஜோர்ஜோ பார்பேரியோ கோர்செத்தியும் ஸ்தூதியோ அத்சூர்ரோவும் 1985, 1987இல் செய்தவை. இரண்டாவது 'லா காமெரா அஸ்த்ராத்தா', காஸ்ஸெலின் டாக்குமெண்டா 8 கலைக் கண்காட்சிக்காக. நடிகரின் உடல் ஒரு மானிட்டரில் பாதி, நேரில் பாதி. இதைப் படமெடுப்பவர் மானிட்டரைப் படம் பிடித்தால் மட்டும் போதாது. மானிட்டருக்குப் போகும் சிக்னலையே பிரித்து ஒவ்வொன்றையும் தனியாகப் பதிய வேண்டும். சான்சியோவின் 1997 'ஜூலியோ சேஸரே'யில் நடிகரின் மூக்கு வழியாக எண்டோஸ்கோப் போட்டு, பேசும்போது குரல்வளை அசைவதைத் திரையில் காட்டினார்கள். ஹாலிலிருந்து அந்தத் திரையை எடுத்தால் வெளிறிய சிவப்புத் திட்டு. எண்டோஸ்கோப் சிக்னலைத் தனியாக எடுத்திருந்தால் அது மேடையின் மூலப்பொருள்.

படக்குழாய் டிவியை எடுக்கும்போது 25 ஃபிரேம், 1/50. 24 ஃபிரேமில் கறுப்புப் பட்டை உருளும். அதோடு அந்த டிவி 3200 கெல்வின் விளக்குகளுக்கு நடுவே நீலமாகத்தான் தெரியும், அன்றைய பார்வையாளருக்கும் ஓரளவு அப்படித்தான் தெரிந்தது. திருத்தாதீர்கள்.

நாடாமருத்துவன்:

மூன்றாவது கேள்விக்கு வருகிறேன்.

எழுபதுகளின் அரை அங்குல ஓபன் ரீல் டேப்பில் முதல் எதிரி ஈரம். காந்தத்துகளை ஒட்டவைக்கும் பாலியூரித்தேன் பசை தண்ணீரை உறிஞ்சிச் சிதைகிறது. ஓட்டினால் டேப் கீச்சிடும், ஹெட்டில் பழுப்புப் பசை அப்பும், படம் பனிப்புள்ளியாகிவிடும். அந்த நொடியே நிறுத்துங்கள். தொடர்ந்து ஓட்டினால் உரிந்து வருவது படம்தான்.

ஓட்டுவதற்கு முன் ரீலை முகர்ந்து, பூஞ்சை இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் மற்ற டேப்புகளிலிருந்து பிரித்துவிடுங்கள். பசை கக்கும் டேப்பைப் படுக்கவைத்து, காற்று சுழலும் ஆய்வக ஓவனில் 50–54 டிகிரியில் எட்டு மணி நேரமாவது வைக்கணும். அகலமான, தடித்த ரீலுக்கு இன்னும் கூடுதல். வீட்டு ஓவனில் வேண்டவே வேண்டாம், பத்துப் பதினைந்து டிகிரி மேலும் கீழும் ஊசலாடும். அணைத்த பிறகு அதே அளவு நேரம் தானாக ஆற விடுங்கள். பிறகு நெய்யாத மெல்லிய துணியில் உரசியபடி மெதுவான வேகத்தில் ஒருமுறை முன்னும் பின்னும் சுற்றி, சில வாரங்களுக்குள் பதிவெடுத்துவிட வேண்டும். ஈரம் திரும்ப ஏறும்.

இத்தாலியில் இதற்கு முன்னோடி என்று ஆல்பெர்தோ கிரிஃபியைச் சொல்லணும். தன் 'அன்னா' ஆவணப்படத்தின் சுமார் 11 மணி நேர வீடியோவை 16 மி.மீ. ஃபிலிமுக்கு மாற்றத் தானே ஒரு கருவி செய்துகொண்டார், 1975இல் படம் வெளியே வந்தது. பழைய டேப்பைக் கழுவி மீட்கும் இயந்திரத்தையும் பிற்காலத்தில் அவரே வடிவமைத்தார். கொரீட்ஸியாவில் ஊதினே பல்கலைக்கழகத்தின் லா காமெரா ஒத்திகா ஆய்வகம், வெனிஸ் பியென்னாலே காப்பகத்திலிருந்த ஆர்ட் டேப்ஸ் 22 வீடியோ கலைத் தொகுப்பில் செய்த வேலையும் இதே துறை.

பதிவெடுக்கும்போது: கறுப்பு வெள்ளை போர்ட்டபிள் டேப்பின் சிங்க் நொண்டும். படத்தின் மேல் விளிம்பு கொக்கி மாதிரி வளைந்தால் ஸ்க்யூ குமிழைத் திருப்பி டென்ஷனைச் சரிசெய்யுங்கள். நொண்டும் சிங்க்கை நேராக்கும் முழு ஃபிரேம் டைம்பேஸ் கரெக்டர் இல்லாமல் கணினிக்குள் விட்டால் கார்டு சத்தமில்லாமல் ஃபிரேம்களைக் கைவிடும். அரை மணி டேப் முடியும்போது ஒலி பின்தங்கியிருக்கும். பிரகாசமான விளக்கு நகரும்போது பின்னால் வால் மாதிரி ஒரு தடம் வருகிறதே, அது டேப் கோளாறு இல்லை. அன்றைய கேமராவில் படம் பிடித்த விடிகான் குழாயின் குணம், கேமராவிலேயே நடந்தது. அதைத் துடைக்கப் பார்க்காதீர்கள்.

காப்பு: 10 பிட், 4:2:2, இண்டர்லேஸ் (ஒற்றை வரிகளும் இரட்டை வரிகளும் மாறி மாறி வருவது) கலைக்காமல். கம்ப்ரஸ் செய்யாவிட்டால் பால் (PAL) வீடியோ முறையில் மணிக்குச் சுமார் 100 ஜிபி. எஃப்எஃப்வி1 (FFV1) கோடெக் போட்டால் ஏறத்தாழ பாதி, ஒரு பிட்டும் இழக்காமல். மினிடிவி (MiniDV) டேப் என்றால் வேறு கதை. ஃபயர்வயர் வழியாக அதே டிவி (DV) தரவை அப்படியே நகலெடுங்கள், மணிக்குச் சுமார் 13 ஜிபி. எஸ்-வீடியோ வழியாக எடுத்து மறுபடி என்கோட் செய்பவர்கள் சும்மா தரத்தைக் கொட்டுகிறார்கள்.

பனைஓலை:

த்ராஜேதியா டிவிடியைக் கணினியில் பார்த்தால் அசைவில் சீப்புப் பல் மாதிரி கோடுகள். டேப் பழுதா?

நாடாமருத்துவன்:

இல்லை, இண்டர்லேஸ். 576 வரி, விநாடிக்கு 50 ஃபீல்டு. பிளேயரில் பி-டபிள்யூ-டிஃப் மாதிரி ஃபில்டரை 50 ஃபிரேம் வெளியீட்டில் போடுங்கள். 25க்குச் சுருக்கினால் பாதி அசைவு போய்விடும். ஏஐ வைத்து 4கே ஆக்கிய கோப்புகள் இணையத்தில் சுற்றுகின்றன. அவற்றில் அந்த ஆட்கள் வேண்டுமென்றே விட்ட மங்கலெல்லாம் செதுக்கிய மூக்கும் கண்ணுமாகியிருக்கும், தொடாதீர்கள்.

இரும்புத்திரை:

வீடியோவோடு சேர்த்துக் காகிதமும் வேண்டும். லைட் க்யூ (விளக்கு மாறும் இடங்கள்) பட்டியல் (எண், விநாடி, டிம்மர் சதவீதம்), மேடையின் அளவுப்படம் 1:50இல், ஒலி ஃபைல்கள், துணியின் வகை, சாயத்தின் கலவை. அந்த ரத்தப் பாட்டில் எத்தனை லிட்டர் என்பதும். வைட் ஷாட்டில் அது தெரியாது, அதை நானே சொல்லிவிடுகிறேன்.

ஆம்பியன்ஸ்:

அனுமதியையும் சேர்த்துக்கொள்ளுங்கள். நடிகர்கள், இசையமைப்பாளர், ஒளியமைப்பாளர் ஒவ்வொருவரிடமும் தனித்தனியாக, காப்புக்கு ஒன்று, பொதுக் காட்சிக்கு ஒன்று. ரிச்சோனேயில் 1985இல் தொடங்கிய டிடிவி நாடக-வீடியோ விழா மாதிரி இடங்களுக்கு அனுப்பும்போது முதலில் கேட்பது அதைத்தான். புருசெல்ஸ் அத்தியாயத்தில் கைக்குழந்தை இருக்கிறது, அங்கே பெற்றோர் கையெழுத்து.